காட்டும் கட்டடம்: 1889 பாரிஸ் உலகப் பொருட்காட்சி

பிரெஞ்சுப் புரட்சியின் நூறாவது ஆண்டைக் கொண்டாட, 1889 மே 6 அன்று பாரிஸ் நகரில் உலகப் பொருட்காட்சி திறக்கப்பட்டது. சேன் ஆற்றின் தென்கரையில் ஷான் த மார்ஸ் என்னும் பழைய படைத்திடல், எதிர்க்கரையில் த்ரோக்கதேரோ மேடு, கிழக்கே அன்வாலீத் முற்றவெளி என 96 ஹெக்டேர் பரப்பில் அது விரிந்திருந்தது. கடை விரித்தோர் 61,000-க்கும் அதிகம். ஆறு மாதத்தில் ஏறத்தாழ 3 கோடியே 20 லட்சம் பேர் வந்து போனதாகக் கணக்கு. அரசனைக் கவிழ்த்த புரட்சிக்கு எடுக்கும் விழா என்பதால் ஐரோப்பிய முடியரசுகள் பல அரசு முறையில் பங்கேற்க மறுத்தன. அந்நாட்டு வணிகர்களோ தங்கள் பண்டங்களோடு வந்து சேர்ந்தார்கள்.

அவையோர் முன் இன்று வைக்கப்படும் கருத்து ஒன்றே. 1889-க்கு முந்தைய பொருட்காட்சிகளில் கட்டடம் பண்டங்களுக்குக் கூரையாக இருந்தது. 1889-இல் அது பார்ப்பதற்கான கருவியாக மாறியது. மனிதரை ஏற்றியும் நகர்த்தியும் இருளில் நிறுத்தியும், இதுவரை காணாத கோணத்தில் உலகத்தைக் காட்டியது. அந்தக் கருவி எப்படிச் செய்யப்பட்டது, யாருடைய கண்ணுக்காகச் செய்யப்பட்டது, விழா முடிந்தபின் என்ன ஆனது என்பவை கீழே ஏழு பகுதிகளாக எடுத்துரைக்கப்படுகின்றன.

1. கூரையாக இருந்த கட்டடம்

உலகப் பொருட்காட்சியின் வரலாறு 1851-இல் லண்டன் ஹைட் பூங்காவில் எழுந்த பளிங்கு மாளிகையில் தொடங்குகிறது. அதை வடிவமைத்த ஜோசப் பாக்ஸ்டன், தோட்டக்கலை வல்லுநர். செடிகளைக் குளிரிலிருந்து காக்கும் கண்ணாடி வீடுகளைக் கட்டித் தேர்ந்தவர். அதே முறையைப் பெருக்கி, ஒரே அளவில் வார்த்த இரும்புத் தூண்களையும் ஏறத்தாழ 3 லட்சம் கண்ணாடிப் பலகைகளையும் கொண்டு 560 மீட்டருக்கு மேல் நீண்ட கூடத்தை ஓராண்டுக்கும் குறைந்த காலத்தில் எழுப்பினார். பூங்காவில் இருந்த எல்ம் மரங்களை வெட்டாமல் கூரைக்குள்ளேயே நிற்க விட்டார். 60 லட்சம் பேர் அதைக் கண்டார்கள். விழா முடிந்ததும் மாளிகை பிரிக்கப்பட்டு, லண்டனின் தெற்கே சிடனம் என்னும் இடத்தில் மறுபடி கட்டப்பட்டது.

இந்த மாளிகை பின்வந்தவர்களுக்கு இரண்டு பாடங்களை விட்டுச்சென்றது. பட்டறையில் ஒரே மாதிரியாகச் செய்த உறுப்புகளைத் திடலில் பூட்டினால் வேலை விரைவாக முடியும் என்பது ஒன்று. பூட்டியதைக் கழற்றவும் முடியும் என்பது மற்றொன்று. 1867-இல் பாரிஸ் பொருட்காட்சி இதே ஷான் த மார்ஸில் நீள்வட்டக் கூடமாக அமைந்தது. வட்டத்தின் வழியே சுற்றினால் ஒரே வகைப் பண்டத்தை எல்லா நாடுகளிலிருந்தும் காணலாம். நடுவிலிருந்து வெளிப்புறமாக நடந்தால் ஒரே நாட்டின் எல்லாப் பண்டங்களையும் காணலாம். கூடத்தின் வடிவமே பொருளடக்கப் பட்டியலாக இருந்தது. ஆனாலும் கண் தேடியது பண்டத்தையே; கட்டடம் அதற்கு அலமாரி.

2. காற்றுக்கு எழுதிய கணக்கு

1884 ஜூன் மாதத்தில், குஸ்தாவ் ஐஃபலின் நிறுவனத்தில் பணிசெய்த மோரீஸ் கோக்லின், எமீல் நூகியே என்னும் இரு பொறியாளர்கள் 300 மீட்டர் உயரக் கோபுரம் ஒன்றைத் தாளில் வரைந்தார்கள். அடியில் அகன்று நிற்கும் நான்கு பின்னல் கால்கள் உச்சியில் ஒன்றுகூடும் வடிவம் அது. கட்டடக் கலைஞர் ஸ்தெஃபான் சோவெஸ்த்ர் கால்களுக்கிடையே பெரிய வளைவுகளைச் சேர்த்து அதற்கு ஒரு நுழைவாயிலின் தோற்றம் கொடுத்தார். 1886-இல் வணிக அமைச்சர் எதுவார் லோக்ருவா அறிவித்த போட்டியின் விதிகளிலேயே, 125 மீட்டர் பக்கமுள்ள சதுர அடித்தளத்தில் 300 மீட்டர் இரும்புக் கோபுரம் அமைப்பதை ஆராயுமாறு கேட்கப்பட்டிருந்தது. நூற்றுக்கு மேற்பட்ட வடிவங்கள் வந்தன, ஐஃபலுடையது தேர்வானது.

அந்நாளில் உலகின் மிக உயர்ந்த கட்டுமானம் 169 மீட்டர் உயரமுள்ள வாஷிங்டன் நினைவுத்தூண். அது கல்லால் ஆனது. அதைவிட ஏறத்தாழ இருமடங்கு உயரும்போது கல்லின் எடையே கல்லுக்குப் பகையாகும். இரும்பிலோ வேறு சிக்கல்: எடையைவிடக் காற்றே பெரிய எதிரி. ஐஃபலின் குழு ஆழ்ந்த பள்ளத்தாக்குகளில் ரயில் பாலங்களைக் கட்டிக் காற்றின் விசையைக் கணக்கிடப் பழகியிருந்தது. கோபுர விளிம்பின் அழகிய வளைவு அந்தக் கணக்கிலிருந்து பிறந்தது. ஒவ்வொரு உயரத்திலும் காற்று எவ்வளவு சாய்க்கப் பார்க்குமோ, அவ்வளவுக்கு அங்கே கால்கள் அகன்றிருக்கும். பின்னலின் இடைவெளிகள் காற்றை ஊடே போகவிடும். காற்றின் படம் இரும்பில் வரையப்பட்டது எனலாம்.

1887 ஜனவரி 28 அன்று அடித்தளம் தோண்டும் பணி தொடங்கியது. ஆற்றை ஒட்டிய இரு கால்களுக்கு நீர் ஊறும் மண் தடையாக இருந்தது. அழுத்தப்பட்ட காற்று நிரப்பிய இரும்புப் பெட்டிகளை இறக்கி, அவற்றுக்குள் ஆட்கள் நின்று தோண்டினார்கள். ஜூலையில் இரும்பு வேலை தொடங்கியது. லெவல்லுவா பெரே பட்டறையில் 18,038 உறுப்புகள் துளையிட்டுத் தயாராயின. பொருந்தாத உறுப்பைத் திடலில் ராவித் தேய்த்துச் சரிசெய்யும் வழக்கம் இல்லை. அது பட்டறைக்கே திரும்பியது. மொத்தம் 25 லட்சம் ரிவெட்டுகள். அவற்றில் பெரும்பகுதி பட்டறையிலேயே அடிக்கப்பட்டது. எஞ்சியவற்றை நால்வர் குழுக்கள் உயரத்தில் நின்று அடித்தன: ஒருவர் உலையில் காய்ச்ச, ஒருவர் பிடிக்க, ஒருவர் தலையை உருவாக்க, ஒருவர் சம்மட்டியால் அடிப்பார்.

வேலையின் மிக நுட்பமான கட்டம் முதல் தளம். 57 மீட்டர் உயரத்தில், சாய்ந்து வந்த நான்கு கால்களும் ஒரே மட்டத்தில் சேர வேண்டும். இதற்காகக் கால்களின் அடியில் நீரழுத்த ஜாக்கிகளும், சாரங்களின் மேல் மணல் நிரப்பிய உருளைகளும் வைக்கப்பட்டன. ஒரு கால் சற்று உயர்ந்திருந்தால் உருளையிலிருந்து மணலைக் கசியவிட்டு இறக்கினார்கள். தாழ்ந்திருந்தால் ஜாக்கியால் தூக்கினார்கள். ஆயிரக்கணக்கான டன் இரும்பு மணல் ஒழுகும் வேகத்தில் நகர்ந்து தன் இடத்தில் அமர்ந்தது. 1889 மார்ச் 31 அன்று ஐஃபல் உச்சியில் பிரெஞ்சுக் கொடியை ஏற்றினார். அடித்தளத்தில் தொடங்கி இரண்டு ஆண்டு, இரண்டு மாதம், சில நாட்களில் வேலை முடிந்தது.

3. ஏறுவதே காட்சி

1887 பிப்ரவரி 14 அன்று ‘ல தாம்’ நாளிதழில் கலைஞர்களின் கண்டன மடல் ஒன்று வெளியானது. எழுத்தாளர் மோப்பசானும், இசையமைப்பாளர் கூனோவும், பாரிஸ் ஓபரா மாளிகையைக் கட்டிய ஷார்ல் கார்னியேவும் அதில் கையெழுத்திட்டவர்கள். கோபுரம் நகரின் அழகைக் கெடுக்கும் என்பது அவர்களின் வாதம். தரையில் நின்று கோபுரத்தைப் பார்ப்பவரின் வாதம் அது. கோபுரத்தின் மேல் நின்று நகரைப் பார்ப்பவர் என ஒருவர் அதுவரை இல்லை. பலூனில் பறந்தவர்களைத் தவிர, அந்த உயரத்திலிருந்து பாரிஸைக் கண்டவர் எவருமில்லை.

1889 மே 15 முதல் பொதுமக்கள் ஏறத் தொடங்கினார்கள். லிஃப்ட்கள் அப்போது தயாராகவில்லை. முதல் நாட்களில் ஆயிரக்கணக்கானோர் படி வழியாகவே ஏறினார்கள். நீரழுத்தத்தால் இயங்கிய லிஃப்ட்கள் மே 26 முதல் ஓடின. கால்கள் சாய்வாக இருந்ததால் அவற்றுக்குள் ஓடும் லிஃப்டும் சாய்வாகவே ஏற வேண்டியிருந்தது. மேலே செல்லச் செல்லச் சாய்வின் கோணமும் மாறும். அதுவரை எந்தக் கட்டடமும் லிஃப்ட் செய்வோரிடம் கேட்டிராத வேலை இது. முதல் தளத்தில் நான்கு உணவகங்கள். 115 மீட்டர் உயரத்து இரண்டாம் தளத்தில் ‘ஃபிகாரோ’ நாளிதழ் ஓர் அச்சகமே வைத்துத் தனிப் பதிப்பு வெளியிட்டது. விழாக்காலத்தில் மட்டும் ஏறத்தாழ 20 லட்சம் பேர் கோபுரத்தில் ஏறினார்கள்.

இந்தியாவிலிருந்து சென்ற ஒருவரின் பதிவு இங்கே பொருத்தமானது. லண்டனில் சட்டம் படித்த நாட்களில் காந்தி இப்பொருட்காட்சியைக் காணப் பாரிஸ் சென்றார். அதன் பரப்பையும் பலவகைமையையும் தவிர வேறெதுவும் தம் நினைவில் இல்லை என்று ‘சத்திய சோதனை’யில் எழுதுகிறார். கோபுரம் மட்டும் நினைவில் நின்றது. இரண்டு மூன்று முறை அதில் ஏறியதையும், மிக உயரத்தில் உணவருந்தினோம் என்று சொல்லிக்கொள்வதற்காகவே முதல் தளத்து உணவகத்தில் 7 ஷில்லிங் செலவழித்ததையும் குறிப்பிடுகிறார். கோபுரத்தில் கலை ஏதும் இல்லை, அது பொருட்காட்சியின் பொம்மை என்பது அவர் தீர்ப்பு. கலை இல்லை என்று சொன்னவரின் மனத்திலும் ஆயிரக்கணக்கான பண்டங்கள் மங்கி, ஏறிய அனுபவம் மட்டும் எஞ்சியது. கருவியாக அக்கட்டடம் தன் வேலையைச் செய்துவிட்டது என்பதற்கு இதைவிட நல்ல சான்று வேண்டியதில்லை.

4. இயந்திரக் கூடமும் நகரும் பாலமும்

திடலின் மறு கோடியில், கோபுரத்துக்கு எதிரே, இயந்திரக் கூடம் நின்றது. ஃபெர்தினான் துத்தேர் அதன் கட்டடக் கலைஞர். விக்தோர் கோந்தமேன் பொறியாளர். நீளம் 420 மீட்டர். அகலம் ஏறத்தாழ 110 மீட்டர். இடையில் ஒரு தூண்கூட இல்லை. லண்டன் செயின்ட் பாங்க்ரஸ் ரயில் நிலையத்தின் புகழ்பெற்ற கூரை 73 மீட்டர் அகலத்தைத்தான் தாண்டியிருந்தது.

இந்தத் தாவலுக்கு அடிப்படை மூன்று கீல் கொண்ட வளைவு. வளைவின் இரு பாதங்களிலும் ஒவ்வொரு கீல், உச்சியில் ஒரு கீல். வெயிலில் இரும்பு விரியும்போதும் குளிரில் சுருங்கும்போதும் வளைவின் இரு பாதிகளும் கீலில் சற்றே அசைந்து கொடுக்கும், இரும்பு முறுக்கிக்கொள்ளாது. நிலம் சிறிது தாழ்ந்தாலும் அப்படியே. ஆனால் பார்ப்பவருக்கு இது ஒரு புதிர். கல் கட்டடத்தில் பழகிய கண், சுமை தாங்கும் தூண் அடியில் தடித்திருக்கும் என்று எதிர்பார்க்கும். இங்கே தூண் எங்கே முடிகிறது, கூரை எங்கே தொடங்குகிறது என்று சொல்ல முடியாது. மாபெரும் வளைவு தரையை நெருங்க நெருங்கக் குறுகி, ஒரு கீலின் முனையில் வந்து நிற்கிறது. பலருக்கு இது மிரட்சி தந்தது. எடை எங்கே இறங்குகிறது என்பதைப் பற்றிய பழைய உள்ளுணர்வையே இந்தக் கூடம் மாற்றி எழுதியது.

கூடத்துக்குள் நீராவி இயந்திரங்களும் நெசவு எந்திரங்களும் அச்சு எந்திரங்களும் உண்மையிலேயே ஓடிக்கொண்டிருந்தன. தாமஸ் எடிசனின் ஃபோனோகிராஃப் கருவியைக் கேட்க மக்கள் வரிசையில் நின்றார்கள். இவற்றைக் காண்பதற்கான ஏற்பாடே கூடத்தின் தனிச்சிறப்பு. தலைக்கு மேலே தண்டவாளத்தில் இரண்டு பாலங்கள் மின்விசையால் கூடத்தின் நீளத்துக்கு ஊர்ந்து சென்றன. கனமான பொருள்களைக் கொண்டுசெல்லும் தொழிற்சாலைப் பாலத்தின் வடிவம் அது. இங்கே அதன் சுமை மனிதர்கள். அவர்கள் நடக்காமல் நின்றபடி, இயந்திரங்களின் மேலே மிதந்து சென்று பார்த்தார்கள். கோபுரம் கண்ணை மேலே ஏற்றியது. கூடம் அதைக் கிடைமட்டத்தில் நகர்த்தியது.

5. ரயிலும் இரவும்

திடலின் பகுதிகள் ஒன்றுக்கொன்று தொலைவில் இருந்தன. அவற்றை இணைக்க தெக்கோவீல் நிறுவனம் 60 சென்டிமீட்டர் அகலத் தடத்தில், ஏறத்தாழ 3 கிலோமீட்டருக்குச் சிறு ரயில் விட்டது. ஆற்றங்கரை மரங்களின் ஊடே அது ஓடியதால், கையையும் காலையும் வெளியே நீட்டாதீர்கள் என்ற எச்சரிக்கை பல மொழிகளில் ஒட்டப்பட்டிருந்தது. 60 லட்சத்துக்கும் மேற்பட்ட பயணங்கள் அதில் நடந்தன. போக்குவரத்துக்காக அமைத்த ரயிலே ஒரு காட்சியாகியது. திறந்த பெட்டியில் உட்கார்ந்தவரின் கண்முன்னே அரங்குகள் ஒன்றன்பின் ஒன்றாக உருண்டோடின.

மின்விளக்கு இன்னொரு மாற்றத்தைக் கொண்டுவந்தது. பொருட்காட்சி இரவிலும் பெரிய அளவில் திறந்திருந்தது. நீரூற்றுகளுக்கு அடியிலிருந்து நிறக் கண்ணாடிகளின் வழியே மின்னொளி பாய்ந்து, நீரே நிறம் மாறி எழுவதுபோல் காட்டியது. கோபுர உச்சியில் நீலம், வெள்ளை, சிவப்பு என நாட்டுக்கொடியின் மூன்று நிற ஒளி சுழன்றது. பகலில் நகரைக் காட்டிய கோபுரம் இரவில் நகருக்குத் தன்னைக் காட்டியது.

6. காட்சியாக்கப்பட்ட மனிதர்கள்

பார்வைக் கருவி யார் கையில் இருந்தது என்ற கேள்வியை விட்டுவிட்டு இந்தப் பொருட்காட்சியைப் புகழ்வது நேர்மையாகாது. அன்வாலீத் முற்றவெளியில் பிரான்ஸ் தன் குடியேற்ற நாடுகளுக்கென்று ஒரு பகுதி ஒதுக்கியது. அங்கே செனகல், காபோன், நியூ கலிடோனியா, வியட்நாம் ஆகிய நாட்டு மக்கள் அழைத்து வரப்பட்டு, மாதிரி ஊர்களில் குடியமர்த்தப்பட்டார்கள். சமைப்பது, நெய்வது, குழந்தையைத் தூங்கவைப்பது என அவர்களின் அன்றாட வாழ்க்கை டிக்கெட் வாங்கியவர்களுக்குக் காட்சிப்பொருளானது. வியட்நாமியர் இழுத்த ரிக்‌ஷாவில் ஏறிப் பாரிஸ் மக்கள் திடலைச் சுற்றினார்கள். மின்விசையால் நகரும் பாலம் ஒருபுறம், மனிதரே இழுக்கும் வண்டி மறுபுறம். இரண்டும் ஒரே பொருட்காட்சியின் ஊர்திகள்.

ஷான் த மார்ஸில் கெய்ரோ நகரத் தெரு ஒன்றும் கட்டப்பட்டிருந்தது. பழமை தோன்ற வேண்டும் என்று சுவர்கள் வேண்டுமென்றே அழுக்காக்கப்பட்டன. எகிப்திலிருந்து கழுதைகளும் கழுதை ஓட்டிகளும் வந்திருந்தனர். ஸ்டாக்ஹோம் கீழைத்தேய அறிஞர் மாநாட்டுக்குச் செல்லும் வழியில் எகிப்தியர் சிலர் இத்தெருவைப் பார்க்க வந்தார்கள். மசூதியின் முகப்பைக் கண்டு உள்ளே நுழைந்தால், அங்கே மசூதி இல்லை. நடனமாதர் ஆடும் காப்பிக்கடை இருந்தது. அவர்கள் மனம் நொந்து வெளியேறினார்கள். முகப்பு போதும், உள்ளே உண்மை வேண்டாம் என்னும் கட்டடக்கலை, யாருடைய வழிபாட்டிடத்தை முகப்பாக்கியதோ அவர்களே பார்வையாளராக வந்தபோது அம்பலப்பட்டது.

கண்டன மடலில் கையெழுத்திட்ட கார்னியேவும் இதே திடலில், கோபுரத்துக்கு அருகே, மனிதக் குடியிருப்பின் வரலாற்றைக் காட்டும் வீட்டு வரிசை ஒன்றைக் கட்டினார். குகையில் தொடங்கி ஐரோப்பிய மறுமலர்ச்சி வரை நடந்தே போகலாம். எல்லா மக்களும் ஒரே ஏணியில் ஏறுகிறார்கள், உச்சிப்படியில் ஐரோப்பா நிற்கிறது என்ற எண்ணம் அந்த நடைபாதையின் வரிசையிலேயே பதிந்திருந்தது. கட்டடம் எதைக் காட்டுகிறதோ அதோடு, எப்படிப் பார்க்க வேண்டும் என்பதையும் கற்பிக்கிறது.

ஆயினும் பார்வை எப்போதும் திட்டமிட்ட வழியே செல்வதில்லை. பொருட்காட்சியில் அமைந்த ஜாவா மாதிரி ஊரில் ஒலித்த கமலான் என்னும் இசையைக் கேட்ட இளம் இசையமைப்பாளர் குளோத் தெபுஸ்ஸி, அதை ஓர் உயர்ந்த கலையாக மதித்தார். தம் இசைக்கு அதிலிருந்து புதிய திசை கண்டார். வேடிக்கைக்காக வைக்கப்பட்டவர்களிடம் ஆசிரியரைக் கண்ட செவி அது.

7. கழற்றியதும் எஞ்சியதும்

பொருட்காட்சிக் கட்டடம் பிரிப்பதற்காகவே பூட்டப்படுவது. இயந்திரக் கூடம் 1900 பொருட்காட்சியில் மறுபடி பயன்பட்டது. பிறகு அதற்குள் மிதிவண்டிப் பந்தயத் தடம் அமைந்தது. இயந்திரங்களும் நகரும் பாலமும் போனபின் அந்தப் பரப்பு எதையும் காட்டவில்லை. 1910-இல் அது இடிக்கப்பட்டது. கட்டுமான வரலாற்றின் மிகப் பெரிய சாதனைகளுள் ஒன்று இன்று படங்களில் மட்டும் உள்ளது.

கோபுரத்துக்கும் 20 ஆண்டுகள்தான் அனுமதி. அது முடியும் நாள் வரும் என்பதை ஐஃபல் முதலிலேயே உணர்ந்திருந்தார். ஆகவே கோபுரத்துக்கு அறிவியல் பணிகளைத் தேடிக்கொண்டே இருந்தார். உச்சியில் வானிலைக் கருவிகள் வைத்தார். உயரத்திலிருந்து பொருள்களை விழவிட்டுக் காற்றின் தடையை அளந்தார். 1898-இல் எழேன் துக்ரெத்தே கோபுர உச்சியிலிருந்து நகரின் பாந்தேயோன் மாளிகைக்குக் கம்பியில்லாத் தந்தி அனுப்பிக் காட்டினார். படைத்துறை அங்கே வானொலி நிலையம் அமைத்தது. 1910-இல் கோபுரத்தின் அனுமதி நீட்டிக்கப்பட்டது. காண்பதற்காக எழுந்த கோபுரம் கேட்பதற்கும் உதவியதால் நிலைத்தது.

1889-இன் வழிமுறை வேறிடங்களுக்கும் சென்றது. 1893 சிகாகோ பொருட்காட்சிக்குக் கோபுரத்தை விஞ்சும் ஒன்று தேவைப்பட்டபோது, பாலப் பொறியாளர் ஜார்ஜ் ஃபெரிஸ் அதைவிட உயரமான கோபுரம் ஒன்றைத் திட்டமிடவில்லை. 80 மீட்டர் உயரச் சக்கரம் ஒன்றில் 36 பெட்டிகளைத் தொங்கவிட்டு, ஒரே நேரத்தில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோரை ஏற்றிச் சுழற்றினார். ஏறுவதும் நகர்வதும் அதில் ஒரே இயக்கமாயின. 1900-இல் பாரிஸ் நகரும் நடைபாதையை அமைத்தது. சென்னைத் தீவுத்திடலில் பொருட்காட்சி நடக்கும்போது தொலைவிலிருந்தே தெரியும் ராட்சத ராட்டினம் ஃபெரிஸின் சக்கரத்தின் வழித்தோன்றல்தான். கடைகளில் வாங்கிய பொருள் மறந்துபோன பிறகும், ராட்டினத்தின் உச்சியில் ஒரு கணம் நின்றபோது கீழே விளக்குகளாகத் தெரிந்த ஊர் நினைவிலிருக்கும்.